அசலுக்கு மட்டும்

காட்பாடி ரயிலடியிலிருந்து பாகாயம்,
ஒரு ஷிப்டுக்கு ஏழு நடை.
டிப்போ மேசையில் கொட்டி எண்ணும்போது
ஐந்து ரூபாய் குறைந்தால்
அது என் சட்டைப்பையிலிருந்து போகும்.
அப்படிப்பட்ட நான்
நாலு வருஷமாய் அந்தக் காகிதத்தைப் பிரிக்கவில்லை.
பீரோவில்,
பத்திர நகலுக்கும் அமுலுவின் வளையல் விற்ற ரசீதுக்கும் நடுவே
நாலாய் மடிந்து கிடந்தது.

போன செவ்வாய் கிரீன் சர்க்கிள் நெரிசலில்
வங்கியிலிருந்து குறுஞ்செய்தி:
வட்டி விகிதம் மாறியுள்ளது.
தங்கள் மாதத் தவணையில் மாற்றமில்லை.
நல்லது என்று விசில் கொடுத்தேன்.
அடியில் இன்னொரு வரி இருந்ததை
பாலாற்றுப் பாலத்தில்தான் பார்த்தேன்.
மீதமுள்ள தவணைகள்: இருநூற்று இருபத்தைந்து.

இருநூற்று நாற்பதில் நாற்பத்தெட்டு போனால்
நூற்றுத் தொண்ணூற்றிரண்டு.
இது எனக்கு மெஷின் இல்லாமலே வரும்.
மீதி முப்பத்து மூன்று மாதம்
எந்த நிறுத்தத்தில் ஏறியது?

தூங்கிப்போய் ஸ்டேஜ் தாண்டியவரைத்
தோளில் தட்டி எழுப்பி
மிச்சக் காசு வாங்குகிறவன் நான்.
என்னை யாரும் தட்டவில்லை.

ராத்திரி காகிதத்தைத் தரையில் விரித்தோம்.
ராணிப்பேட்டையில் ஷூ மேல்தோல் தைக்கிற அமுலு
ஜோடிக்கணக்கு எழுதும் விரலால்
வரிவரியாய் இறங்கி வந்தாள்.
முதல் மாதம் கட்டியது
இருபத்து நாலாயிரத்து நானூற்று எழுபத்தாறு.
அதில் கடனில் கழிந்தது
நாலாயிரத்து நானூற்றுப் பத்து.
"மீதி?"
"வட்டி."
"இன்னாயா இது, பஸ்ஸை வுட டிக்கெட்டு பெருசா கீது."

நாலு வருஷத்தில் போனது பதினொன்றே முக்கால் லட்சம்.
அசலில் குறைந்தது இரண்டரை.
இருபத்தெட்டு லட்சம் வாங்கி
ஐம்பத்தெட்டே முக்கால் கட்டுவதாய்
முதல் நாளே கையெழுத்துப் போட்டிருக்கிறேன்,
பதினாறு இடத்தில்,
மேனேஜர் வாங்கித் தந்த டீ ஆறுவதற்குள்.
அதுவும் பழைய வட்டிக்கு.

வளையல் காசுக்கு ஹால் எங்களுடையது என்று வைத்தால்
இந்த நாலு வருஷத்தில் சேர்ந்தது
குளியலறை,
அதை ஒட்டித் துணி துவைக்கிற இடம்.
அமுலு எழுந்து போய்
குளியலறை விளக்கைப் போட்டுப் பார்த்தாள்.
சிரித்தாளா என்று இங்கிருந்து தெரியவில்லை.

எனக்கு நாற்பத்தாறு.
வேலை அறுபதில் இறக்கிவிடும்.
கடன் அறுபத்து நாலரை தாண்டியும் ஓடும்,
கண்டக்டர் இல்லாத வண்டியாய்.

தவணையோடு மாதம் ரெண்டாயிரம் கூடக் கட்டினால்?
அமுலு கேட்டாள்.
அவள் கம்பெனியில் இரண்டு ஞாயிறு ஓவர்டைம் சரியாய் அவ்வளவு.
செல்போனில் தட்டினோம், அழித்தோம், மறுபடி தட்டினோம்.
நாற்பது மாதம் குறைகிறது.
ஆறு லட்சம்.
கொஞ்ச நேரம் இரண்டு பேரும் பேசவில்லை.
ஓட்டேரிப் பக்கமிருந்து தவளைச் சத்தம் வந்தது.
மழை பெய்ததே தெரியாது எங்களுக்கு.

மறுநாள் ஓய்வு. கிளைக்குப் போனேன்.
ஜன்னலில் இருந்த பெண் நல்லவள்,
குரலைத் தாழ்த்திச் சொன்னாள்:
"அசலுக்குன்னு எழுதிக் குடுங்க சார்.
இல்லன்னா அடுத்த தவணைல சேர்ந்துடும்."

எழுதினேன்.
டிரிப் ஷீட்டில் எழுதுகிற அதே சாய்ந்த கையெழுத்து.
அசலுக்கு மட்டும்.
அடியில் கோடு போட்டேன்,
பேனா காகிதத்தைக் கிழிக்கிற அளவுக்கு.

அவளுடைய ஞாயிற்றுக்கிழமைகள் என்று
எழுத அந்தப் படிவத்தில் இடமில்லை.

இன்றைக்கு முதல் நடை.
சித்தூர் பஸ் ஸ்டாண்டில் ஏறிய பெண்களுக்கு
கட்டணமில்லாச் சீட்டு கிழித்துக் கொடுக்கிறேன்.
வாங்கிய ஒருத்தி
அதை முன்னும் பின்னும் திருப்பிப் பார்க்கிறாள்.
பாரும்மா,
நல்லாப் பாரு.