எட்டாம் அறை

ஓல்டனில் நவம்பர் என்றால் புகார்.
ஆரே ஆறு எந்தப் பக்கம் என்பதைக்
காதால்தான் பார்க்கவேண்டும்.
பள்ளிக்கூடம் விட்டு, நாலரை போல்,
பின்கதவால் உள்ளே போவேன்:
இடுப்பில் இருபத்தாறு திறப்பு,
ஒரு வாளி, சில்லு வைத்த வண்டி.

இங்கே படிப்பிக்கிறவர்களில் முக்கால்வாசிப் பேரை
எனக்கு முகத்தில் தெரியாது.
கதிரைகளில் தெரியும்.

மூன்றாம் அறை, ஹெர் எக்கன்ஷ்வீலர்.
மேசைகள் நூல் பிடித்த வரிசை.
கதிரைகள் கவிழ்த்து மேலே ஏற்றியிருக்கும்,
கால்கள் அத்தனையும் கூரையைப் பார்த்தபடி.
ஏழு நிமிஷத்தில் கூட்டித் துடைத்துவிடுவேன்.
நிலத்தில் ஒரு பென்சில் சீவல் கிடையாது.
குப்பைக் கூடையில் மட்டும்
கசக்கிக் கசக்கிப் பாக்களவு ஆக்கிய தாள்கள்.
ஒருநாள் ஒன்றை விரித்துப் பார்த்தேன்.
விடை சரி.
போன வழி வேறு என்று சிவப்புக் கோடு.

எட்டாம் அறை எனக்குப் பிடித்த சனி.
இருபத்தைந்து நிமிஷம் காணாது.
மேசைகள் நேற்று வட்டமாய், இன்று
சந்தை கலைந்த மாதிரி.
கோந்து, பஞ்சு, போத்தலுக்குள் முளைவிட்ட பயறு.
யன்னல் கட்டில் ஸ்பகெற்றியால் கட்டிய பாலம்,
பக்கத்தில் சீட்டு, பிள்ளை எழுத்தில்:
"தொடவேண்டாம். இன்னும் விழவில்லை."
வாய்க்குள் திட்டிக்கொண்டே
அதைச் சுற்றித் துடைத்தேன், மூன்று கிழமை.

நான் படித்த வகுப்பில் வாங்குக்கு ஐந்து பேர்.
ஒருவன் அடி வாங்கினால்
ஐவருக்கும் வாங்கு அதிரும்.
அதனால்தானோ என்னவோ
எட்டாம் அறையின் அந்த ஒற்றை மேசை
என் கண்ணில் குத்தியது.

ஹீற்றருக்குப் பக்கத்தில், சுவரைப் பார்த்து.
பெயர்ச்சீட்டு: லிரிடோன்.
எதிர்ச்சுவரில், ஒரு பிள்ளை இருக்கிற உயரத்தில்,
நெற்றி முட்டி முட்டி மினுங்குகிற வட்டம்.
துடைப்பது என் வேலை. துடைத்தேன்.
அடுத்தநாள் அது அங்கேயே இருந்தது.

அன்றிரவு மேசையை ஒரு சாண் இழுத்தேன்,
மற்ற மேசைகள் பக்கம்.
மறுநாள் இன்னொரு சாண்.
தும்புத்தடி பட்டு நகர்ந்ததென்றால்
நம்பக்கூடிய தூரம்தானே.
ஒன்பது நாள். ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை.
திருடன் மாதிரி, ஆனால்
கொண்டுவந்து வைக்கிற திருடன்,
எனக்குள் ஒரு பெருமை.

பத்தாம் நாள் ஃபிராவ் ஹென்ஸி அறையில் இருந்தா,
கொப்பிகளோடு, கோட் போட்டபடி.
"நீங்கள்தானா," என்றா. கோபமில்லை.
"சுவர்ப்பக்கம் அவனாகக் கேட்டது.
சத்தம் கூடினால் அவனுக்கு எழுத்து ஓடிப்போகும்.
நான் தள்ளிவைக்கவில்லை."

என் டொச் அந்த இடத்தில் நின்றுவிட்டது.
மன்னிப்புக் கேட்கச் சொல் இருந்தது,
விளங்கப்படுத்த இல்லை.
மேசையைத் திருப்பிக் கொண்டுபோகக் குனிந்தேன்.
"விடுங்கள்," என்றா,
"நாளைக்கு அவனையே கேட்போம்."

மறுநாள் நாலரை. புகார் யன்னல்வரை வந்திருந்தது.
மேசை சுவரடியில் இல்லை;
நான் விட்ட இடத்திலும் இல்லை.
இரண்டுக்கும் நடுவில், கொஞ்சம் சுவர்ப்பக்கம்,
சரிந்து திரும்பி:
ஒரு தோள் ஹீற்றருக்கு, ஒரு தோள் வகுப்புக்கு.
நாலு காலையும் சுற்றி, நிலத்தில்,
வெண்கட்டியால் வட்டம்.
ஒன்றை மட்டும் இரண்டு தரம் கீறியிருந்தான்,
எனக்கென்றே.

ஈரம் பட்டால் வெண்கட்டி போய்விடும்.
முழங்காலில் இருந்து
வட்டத்துக்கு வெளியே வெளியே துடைத்தேன்.
எட்டாம் அறைக்கு இப்போது
முப்பத்திரண்டு நிமிஷம்.

ஏன் பிந்துகிறது என்று கொம்பனிக்காரன் கேட்டான்.
அந்த அறை பெரிசு என்றேன்.
பதினொரு அறையும் ஒரே அளவு.
அது அவனுக்கும் தெரியும்.