தகப்பன் தொழில்

பேரணாம்பட்டு நெருங்கும்போது
பஸ்ஸில் ஒவ்வொருவராக ஜன்னலை இறக்குகிறார்கள்.
நான் இறக்கவில்லை.
இறக்கினால் யாரோ பார்த்துவிடுவார்கள் போலிருந்தது.

கதவைத் திறந்த சிறுமி
"யாரு வேணும்?" என்றாள்.
எவ்வளவோ யோசித்து
"வாடகை" என்றேன்.

உள்ளே, அப்பா படுக்கும் மூலையில்
ஷமீம்பீயின் தையல் மெஷின்.
தரையெல்லாம் ஷூவின் மேல்பாகங்கள்,
பாதம் இல்லாத இடது, பாதம் இல்லாத வலது.
கிணற்றை மரப்பலகை போட்டு மூடியிருக்கிறார்கள்.
அந்தத் தண்ணீர் அப்போதே துணியைப் பழுப்பாக்கும்.

குரோம் தொட்டியில் இருபத்தியாறு வருஷம்.
அப்பாவின் நகங்கள் நீலம்.
சோற்றைக் கரண்டியால் சாப்பிட்ட ஒரே ஆள்
எங்கள் தெருவில் அவர்தான்.
பவுசு என்றார்கள்.

வேலூரில் காலேஜ் சேர்ந்த அன்று
'தகப்பன் தொழில்' என்ற கட்டத்தில்
விவசாயம் என்று எழுதினேன்.
பேனா அவருடையது.
எழுத்துக்கூட்டிப் படிப்பார்,
பக்கத்தில்தான் நின்றார்.
வெளியே வந்து கரும்பு ஜூஸ் வாங்கித் தந்தார்,
ஒரு கிளாஸ்.
தனக்குச் சளி என்றார்.
மே மாசம்.

ஹாஸ்டலில் முதல் வாரமே
'கீது' 'வந்துகினு' எல்லாவற்றையும்
நாக்கிலிருந்து சுரண்டி எடுத்தேன்.
எந்த ஊர் என்றால் வேலூர்.
வேலூர்லே எங்கே என்றால்
கோட்டைக்குப் பக்கம்.

இன்று வாரிசுச் சான்றுக்குப் போனால்
கிளார்க் என் பழைய தாள்களைப் புரட்டுகிறார்.
"பூங்காவனம், விவசாயி.
எந்த சர்வே நம்பர்? எவ்ளோ நெலம்?"
"நெலம் இல்ல சார்."
"அப்புறம் எங்க பண்ணாரு விவசாயம்?"
வரிசையில் பின்னால் யாரோ சிரித்தார்கள்.
"தோல் ஷாப்புக்குப் போய்கினு இருந்தாரு"
என்று சொன்னது என் வாய்தான்.
அந்தப் 'போய்கினு' இத்தனை நாள்
எங்கே இருந்ததோ.

அவர் நிமிரவில்லை.
"அப்டியே விட்டுடலாமா?
மாத்தணும்னா பத்திரத்துல எழுதணும்,
ரெண்டு சாட்சி வேணும்."

மாத்தணும் என்றேன்.

ஷமீம்பீ மெஷினை நிறுத்தாமலே கேட்டாள்.
"நான் வர்றேன்.
மருதாணியான்னு கேட்டேன் அவரை ஒருநாள்,
இந்த வயசுல நீலக் கலர்லயான்னு.
ரொம்ப நேரம் சிரிச்சாரு."
அவர் சத்தமாகச் சிரித்து
நான் பார்த்ததில்லை.

இன்னும் ஒரு ஆள் வேண்டும்.
கூட வேலை செய்தவர்கள் யாரென்று
எனக்கு ஒரு பேர்கூடத் தெரியவில்லை.
தெருமுனையில் நிற்கிறேன்.
காற்று ஷாப்புப் பக்கமிருந்து வருகிறது.
பாக்கெட்டில் கைக்குட்டை இருக்கிறது.