பின்சுவர்

காலை ஒன்பதரை ஆகியும்
கயானியில் விடியவில்லை.
காரின் மேல் பனியைச் சுரண்டிவிட்டு
மாடியேறி வந்து, கையுறை கழற்றாமலே
அமைப்புகள் பட்டியலில்
ஒரு சின்னக் கட்டத்தைச் சொடுக்கினேன்.
ரே டிரேசிங்: இயக்கு.

மறுபடி தொடங்கச் சொன்னது. தொடங்கினேன்.
மேசைக்கடியில் விசிறிகள் சீறின,
சௌனாவின் சுடுகல்லில்
முதல் அகப்பைத் தண்ணீர் விழுந்ததுபோல.
தொண்ணூற்று நான்கு ஃபிரேம் ஓடிய இடத்தில்
முப்பத்தொன்று.

பதினோரு வருடப் பழைய விளையாட்டு.
புது வெளிச்சம் போட்டு
மறுபடி விற்கப்போகிறார்கள்.
மூன்றாம் அத்தியாயம், படகோட்டியின் சமையலறை.
ஜன்னல் ஒன்று, வாணலி ஒன்று,
சிவப்பு மேசைவிரிப்பு.
அந்தச் சிவப்பு இன்று
வெள்ளைச் சுவரில் லேசாக ஏறியிருந்தது,
யாரும் பூசாமலே.

ஹெய்னி மொய்லனென் அந்த அறைக்குள்
பதினேழு விளக்குகளை ஒளித்துவைத்திருந்தாள்.
மேசைக்கடியில், அடுப்புக்குப் பின்னால்,
ஒன்று தேநீர்க் கோப்பைக்குள்.
உருவமில்லாத, நிழல் விழாத விளக்குகள்.
சூரியனிடம் வாங்கிய கைமாற்று என்பாள்.
இன்று ஒவ்வொன்றாக அழிக்கிறாள்,
இடக்கையில் பாதி தின்ற அரிசிப் பணியாரம்.
வருத்தமா என்று கேட்டேன்.
"கோப்பைக்குள் விளக்கு வைத்தவளுக்கா?"
என்றாள், வாய் நிறைய.

இந்தக் கதிர்
விளக்கிலிருந்து கிளம்புவதில்லை.
பார்ப்பவர் கண்ணிலிருந்து புறப்பட்டு
ஓட்டில் பட்டு, வாணலியில் பட்டு,
கண்ணாடிச் சீசாவுக்குள் வளைந்து
எங்கேயாவது ஒரு விளக்கு இருக்கிறதா என்று
கேட்டுக்கொண்டு போகிறது.
பார்வையை வீசுவது, கண் எறிவது,
கண் படுவது என்றெல்லாம் சொல்கிறோமே,
இங்கே அது அப்படியே.

புள்ளிக்கு இரண்டு கதிர்தான் கட்டுப்படியாகும்.
மிச்சத்தை
அக்கம்பக்கத்துப் புள்ளிகளிடம் விசாரித்து
ஊகித்துக்கொள்கிறது இயந்திரம்.
மணலை வாரி இறைத்த மாதிரி இருக்கும் படம்
இமைப்பதற்குள் துணியாகிறது, தோலாகிறது.
இதைத்தான் அட்டைப்பெட்டியில்
அசல் வெளிச்சம் என்று அச்சடிப்பார்கள்.
குறை சொல்லவில்லை.
எனக்குச் சம்பளம் அதில்தான்.

பிறகு கதவோரக் கண்ணாடியைப் பார்த்தேன்.

முன்பெல்லாம் அதில்
ஒரு மங்கல் தீற்றல் ஒட்டியிருக்கும், அவ்வளவுதான்.
இப்போது வாணலி தெரிந்தது. சிவப்பு தெரிந்தது.
அதற்கும் பின்னால், என் முதுகுப் பக்கம்,
சுவரே இல்லை.
யாரும் திரும்பிப் பார்க்காத பக்கம் என்று
கட்டாமல் விட்டிருக்கிறோம்.
சாம்பல் நிறம்; தரையுமில்லை வானமுமில்லை.
அதன் நடுவில் படகோட்டியின் மனைவி
இரண்டு கைகளையும் பக்கவாட்டில் நீட்டி
அசையாமல் நின்றுகொண்டிருந்தாள்,
உள்ளே வந்து பேசவேண்டிய
ஒற்றை வசனத்துக்காக.

பிழை எண் 4116.
பின்சுவர் இல்லை. மனைவி தெரிகிறாள்.
மீண்டும் நிகழச் செய்யும் வழி:
கண்ணாடியைப் பார்க்கவும்.

ஹெய்னி நாற்காலியை உருட்டிக்கொண்டு வந்தாள்.
சிரிக்கப்போகிறாள் என்று நினைத்தேன்.
"பதினோரு வருஷமாகவா
இப்படிக் கை நீட்டிக்கொண்டு நிற்கிறாள்?"

சுவர் கட்ட ஐந்து நிமிடம் போதும்.
கட்டினால் அவள் மறைந்துவிடுவாள்,
வேலை முடிந்தது.
ஹெய்னி முதலில்
அந்தக் கைகளை இறக்கிவிட்டாள்.
தோளைத் தளர்த்தினாள்.
கிடங்குக் கோப்பில் துழாவி
ஐந்தாம் அத்தியாயத்து முக்காலி ஒன்றை எடுத்துவந்து
அந்தச் சாம்பல் வெளியில் போட்டு
அவளை உட்காரவைத்தாள்.
சற்று யோசித்து, ஒரு சால்வை.

பிறகுதான் சுவர்.

மணி இரண்டேகால். சூரியன் போய்விட்டது.
கண்ணாடியை மறுபடி பார்த்தேன்:
வாணலி, சிவப்பு, வெள்ளைச் சுவர்.
முப்பது ஃபிரேம்.
ஒன்று எங்கே போயிற்று என்று
நிரல் எழுதும் யோர்மா மூன்று நாளாகத் தேடுகிறான்.
நான் சொல்லவில்லை.