ளகரம்

தோண்டிபா பன்ஹாள்கர் சினிமாவில் பேசியது
மொத்தம் பதினொரு வரி.
எண்ணியது நான்.
மூங்கில் கழியில் மைக்கைக் கட்டித்
தலைக்குமேல் தூக்கிப் பிடிக்க எனக்கு மாதம் பதினெட்டு ரூபாய்.
அவருக்கு இருபத்தைந்து:
நடிப்பதற்கும், செட்டுக்கு மரம் அறுப்பதற்கும்,
நாயகியின் தம்பியைப் பள்ளியில் விட்டு வருவதற்கும் சேர்த்து.

கோலாப்பூர் மல்யுத்தக் கூடத்தில்
செம்மண் தின்று வளர்ந்த உடம்பு.
இரண்டு காதும் நசுங்கி, வறுத்த முந்திரிபோல்.
டைரக்டர் முகத்தைப் பார்க்கவில்லை. தோளை அளந்தார்.
"கோட்டைக் காவலன்" என்றார்.

அப்போதெல்லாம் ஒவ்வொரு காட்சியும் இரண்டு தடவை.
முதலில் மராத்தி, எங்கள் ஊருக்கு.
பிறகு அதே விளக்கு, அதே வியர்வை, அதே குதிரை,
இந்தி, லாகூர்வரை உள்ள மற்ற எல்லோருக்கும்.
குதிரைக்கு மட்டும் சிரமமில்லை.

லக்னோவிலிருந்து ஒரு முன்ஷி வந்தார்,
வெற்றிலைப் பெட்டியும் பொறுமையுமாக.
"காலா" என்பார்.
"காளா" என்பார் தோண்டிபா.
"காலா."
"அதைத்தானே சொல்கிறேன்? காளா."
நாக்கு மடிந்து அண்ணத்தைத் தொட்டு
உருண்டு விழுகிற அந்த எழுத்து
முன்ஷியிடம் இல்லை.
சோற்றில் கல் கடிபட்டவர்போல் கண்ணை மூடிக்கொள்வார்.
நான்கு நாள்.
ஐந்தாம் நாள் டைரக்டர் சிகரெட்டை மிதித்துவிட்டுச் சொன்னார்:
"இந்தியில் இவன் ஊமை."

அப்படியாக, அதே காவலன் அதே வேலோடு
பத்து மணிக்குப் பேசினான்,
பதினொன்றுக்கு வாயிழந்தான்.

கடைசிக் காட்சி. ராத்திரி.
சின்ன இளவரசனைத் திட்டிவாசல் வழியே தப்பவிட வேண்டும்.
மராத்தியில் அது பதினோராவது வரி:
"பாளா, ஜா."
குழந்தாய், போ. அவ்வளவுதான்.
லைட்பாய் ஒருவன் மூக்கைச் சிந்தினான்.
இந்தியில் கையசைத்தால் போதும்.
ஒத்திகையிலேயே வாய் திறந்தது அவருக்கு.
டைரக்டர் என்னிடம் வந்து மெதுவாக,
"மறுபடி திறந்தால் திருப்பிவிடு."
திறந்தது.
திருப்பினேன்.
ஒரு சாண், சுவர்ப் பக்கம்.

மராத்திப் படம் மூன்று வாரம்.
இந்திப் படம் இருபத்தாறு.
அமிர்தசரஸிலிருந்து ஒரு பெண்
ஊமைக்கு மருந்துச் சீட்டு அனுப்பினாள்.
அதற்கப்புறம் ஏழு படம், ஏழிலும் ஊமை:
ஊமைத் தளபதி, ஊமைச் சாமியார், ஊமைத் திருடன்.
புனே ஸ்டேஷனில் டாங்காக்காரன்
கூலியை விரலில் காட்டினான்.
தோண்டிபா திட்டிய திட்டில்
குதிரை இரண்டடி பின்வாங்கியது.
நான் பக்கத்தில் இருந்தேன்;
அச்சில் ஏறாத வசனம் அது, ஒவ்வொரு ளவும் துல்லியம்.

ஒரு மே மாதம் கிடங்கு எரிந்தது.
மராத்தி நெகட்டிவ் அரை மணி நேரத்தில் புகை.
அவர் கங்காவேஸில் எருமைப் பால் விற்றார்,
கண்ணெதிரே கறந்து, நுரையோடு.
பயில்வான்கள் கடன் சொன்னார்கள்.
செத்தபோது நகராட்சிக் குமாஸ்தா
தொழில் என்ற கட்டத்தில் எழுதினான்: ஊமை நடிகர்.
யாரும் திருத்தவில்லை. நானும்.

போன மழைக்காலம் ஒரு ஃபிலிம் கிளப்பில்
இந்திப் பிரதியைப் போட்டார்கள்.
கீறல், கொசு, வேர்க்கடலை.
திட்டிவாசல் வந்தது.
கை அசைந்தது. வாய் திறந்தது.
நாக்கு மடிகிறது, நன்றாகத் தெரிகிறது,
பல்லுக்குப் பின்னால், மேலே.
"என்ன நடிப்பு" என்றான் பக்கத்துப் பையன்,
"நிஜ ஊமை மாதிரியே."

எனக்கு எழுபத்தெட்டு வயது.
இருட்டில் என் இரண்டு கையும்
தாமாக மேலே போயிருந்தன,
இல்லாத கழியைப் பிடித்து,
ஒரு சாண்
இந்தப் பக்கம்.