வெளிச்சம் கூடிப்போன ரீல்

ஒளிமானியை
வெர்லீன் டிஸ்டேலின் கன்னத்தருகே பிடித்தேன்.
"என்ன, காய்ச்சல் பார்க்கிறாயா?" என்றாள்.
வரிசையே சிரித்தது.
காலை ஏழிலிருந்து நிற்கிற வரிசை.
வாக்காளர் பட்டியலில் பெயர் ஏற
நீதிமன்றப் படியில் நாற்பத்தொரு பேர்.
உள்ளே குமாஸ்தா
இன்னும் காபி குடித்து முடிக்கவில்லை.

எட்டு என்றது மானி.
எட்டில் வைத்தால் தூண் விழும், சுவர் விழும்,
துணை ஷெரிஃபின் தொப்பி மடிப்புகூட விழும்.
வெர்லீன் நிற்கும் இடத்தில்
ஒரு உடுப்பு மட்டும் நிற்கும்.
என் பெற்றோரின் கல்யாணப் படம் அப்படித்தான்:
அம்மா ஒரு முக்காடு,
அப்பா ஒரு சட்டைக் காலர்.

திறந்தேன். ஒன்றரை ஸ்டாப்.

வந்தாள்.
மோவாயில் பழைய தழும்பு,
மேலுதட்டில் வியர்வை,
இந்த நாளுக்கென்று வாங்கிப் பூசி
நிறம் சேராமல் போன பவுடர்.
அவளுக்குப் பின்னால் அலபாமா முழுவதும்
சுண்ணாம்பாய்க் கரைந்துகொண்டிருந்தது.
தூண்கள் போயின. வெள்ளைச் சட்டைகள் போயின.

பதினோரு நிமிட ரீலில் ஒன்பதாவது நிமிடம்
அந்த வெண்மைக்குள்ளிருந்து ஒரு தடி வந்தது.
துளையைக் குறைத்திருக்கலாம்.
ஒரு விரல் வேலை.
விரல் அவள் முகத்திலேயே இருந்தது.

நியூயார்க்கில் டப்பாவின் மேல்
பென்சிலால் எழுதியிருந்தார்கள்:
அதிக வெளிச்சம், பயன்படாது.
வக்கீல் நான்கு முறை ஓட்டிப் பார்த்தார்.
"இது யாருடைய கை?"
"கிளீட்டஸ் ரட்" என்றேன்.
"நீ சொல்கிறாய். படம் சொல்லவில்லையே."

கோடையில் தேவாலயத்தின் பின்னறையில்
படுக்கை விரிப்பைக் கட்டி அவளுக்குப் போட்டேன்.
அடி விழுந்த இடத்தில் அவள்
கைப்பைக்குள் எதையோ தேடினாள்.
பிறகு, முதலிலிருந்து, என்றாள்.
சிரிக்கிற இடம் வந்ததும் முன்னால் சாய்ந்தாள்.
"கடைக்காரி என்னை ஏமாற்றிவிட்டாள்.
பார், பவுடர் எப்படித் திட்டுத்திட்டாய்."

ஐந்து புள்ளி ஆறில் வைத்திருந்தால்
அவன் மூக்காவது விழுந்திருக்கும்.
நாலில் அவள் இன்னும் கொஞ்சம்.
தூக்கம் வராத இரவுகளில்
வளையத்தை இப்படியும் அப்படியும் திருப்புகிறேன்.

அடுத்த ஆண்டு ஆகஸ்டில்
அவள் பெயர் பட்டியலில் ஏறியது.
அன்றைக்கு வானம் மூடியிருந்ததாம்.
கறுப்பும் வெளுப்புமாய் எல்லா முகமும்
ஒன்றாய் விழுகிற வெளிச்சம்.
காமிராவை யாரும் அனுப்பவில்லை.