பனிக்கோட்டை, மூன்றாவது வாசல்

தாம்வேயில் கரண்ட் ராத்திரி ஒன்றுக்கு வரும்,
ஐந்துக்குப் போய்விடும்.
அந்த நாலு மணி நேரத்தில்
மோட்டார் போடணும், பேட்டரிக்குச் சார்ஜ் ஏற்றணும்,
அரிசி வைக்கணும்.
மிச்சத்தில் நான் பனிக்கோட்டை ஆடுவேன்.
பதினோரு பேர் நேரலையில் பார்ப்பார்கள்.
சில நாள் ஒன்பது.
அவர்களுக்கு நான் ஏ பியூ.
வீட்டில் முத்துலெட்சுமி.

மூன்றாவது வாசலில் பனி கொட்டும்.
(பனியை நான் இந்த ஆட்டத்தில்தான் பார்த்திருக்கிறேன்.)
சரியாக அங்கே
திரை உறையும்,
ஓநாயின் ஊளை ஒரே எழுத்தில் மாட்டிக்கொண்டு
க்க்க்க் என்று இழுக்கும்,
அப்புறம் வெறும் டெஸ்க்டாப்:
அண்ணன் வைத்துவிட்டுப் போன படம்,
இன்யா ஏரியில் ஒரு பிளாஸ்டிக் வாத்து.

கம்ப்யூட்டர் அவனுடையது.
கிளம்பி ஆறு நாள்.

டிரைவரைப் புதுப்பித்தேன்.
ஃபேனைக் கழற்றிப் பழைய டூத் பிரஷ்ஷால் துடைத்தேன்.
உள்ளே ஒரு பல்லி முட்டை ஓடு.
ஆட்டத்தையே அழித்து மறுபடி இறக்கினேன்,
இரண்டு ராத்திரி அதற்கே போயிற்று.
மூன்றாவது வாசல். பனி. வாத்து.

ஒருநாள் சலித்துப்போய்
நேரலையைப் போடாமல் தனியாக ஆடினேன்.
விழவில்லை.
வாசல் திறந்தது, உள்ளே போனேன்,
ஒரு சாவி, இரண்டு ஓநாய்,
சொல்ல ஆளில்லை.

பார்த்தால் விழுகிறது.
பார்க்காவிட்டால் விழவில்லை.
இதை யாரிடம் போய்ச் சொல்ல?

பதிவுக் கோப்பைத் திறந்து கடைசி வரிகளைப் படித்தேன்.
ஸ்ட்ரீமிங் மென்பொருள்
ஆட்டத்தின் சமையல்கட்டு வரை போய்
ஒவ்வொரு படத்தையும்
திரைக்கு வருமுன்னே எட்டி எடுத்துக்கொண்டிருந்தது.
அரட்டையை மூலையில் காட்டும் இன்னொன்றும்
அதே தட்டில் கை வைத்தது.
பனி கொட்டும்போது தட்டும் சிறுசாகிவிடும் போல.

சரி, உள்ளே போகாதே,
வெளியே நின்று திரை முழுவதையும் பார் என்று
அமைப்பை மாற்றினேன்.
ஆட்டத்தைச் சட்டமில்லாத ஜன்னலில் வைத்தேன்.
அவ்வளவுதான். நாற்பது நொடி வேலை.

அன்று பதிமூன்று பேர்.
மூன்றாவது வாசல்.
பனி கொட்டியது, கொட்டிக்கொண்டே இருந்தது,
யாரோ வரிசையாக இதயங்களை அனுப்பினார்கள்.
வில்லை நாணேற்றிக்கொண்டிருந்தேன்.

மூன்று இருபதுக்கு,
வலது மூலையில், ஓநாயின் காதுக்கு மேலே,
ஒரு சின்னப் பெட்டி எழும்பியது:

*ஆத்தத் தாண்டிட்டேன். செருப்பு ஒண்ணு போச்சு.
அம்மாட்ட செருப்பு விசயம் சொல்லாத.*

திரை முழுவதையும் பார் என்றால்
முழுவதையும்தான் பார்க்கும்.
எனக்கு அது உறைக்கவே இல்லை.

ஐந்து நொடி இருந்தது.
பதிமூன்று பேர்.
விரல் எந்தச் சாவியிலும் இல்லை.
ஓநாய்கள் என்னைத் தின்னத் தொடங்கின,
நிதானமாக, ஒன்றன்பின் ஒன்றாக.
ஆட்டம் விழவில்லை.
இப்போது விழுந்தால்தான் என்ன?

அரட்டையில் பர்மிய எழுத்துகள் ஏறின.
அது என்ன மொழி?
தாய்லாந்தா?
இல்லை, நம்முடையது மாதிரி உருண்டை,
ஆனால் மேலே யாரோ உட்கார்ந்த மாதிரி.
அக்கா, சீட் கோடா?

கை வியர்த்திருந்தது.
ஆமாம் என்று தட்டினேன்.
சீட் கோடுதான்.

மூன்றாவது வாசலுக்கா?

மூன்றாவது வாசலுக்குத்தான்.

அம்மா சோற்றை இறக்கிக்கொண்டிருந்தாள்.
போய்ச் சேர்ந்துட்டான் என்றேன்.
அவள் கரண்டியைக் கீழே வைக்காமல்
கால்ல எதும் அடி இல்லையே என்றாள்.
இல்லை.

மறுநாள் இரவு
மாண்டலேக்காரன் ஒருவன் எல்லாருக்கும் முன்னால் வந்தான்.
அந்த ஐந்து நொடியைப் படமெடுத்து வைத்திருந்தானாம்.
முதல் எழுத்தை அவனே வரைந்து அனுப்பியிருந்தான்,
சுழி உள்ளே போக வேண்டிய இடத்தில் வெளியே போய்,
வால் கொஞ்சம் நீளமாய்,
ஓர் ஆ.

வேலை செய்யவில்லையே அக்கா, என்றான்.
எங்கே டைப் பண்ண வேண்டும்?

அதை அழித்துவிடு என்று எழுதி, அழித்தேன்.
அமைப்புகளுக்குப் போய்
அறிவிப்புகளை அணைத்தேன்.
பிறகு மூன்றாவது வாசல்.