பதினேழாம் கேள்வி

பேராசிரியர் சேவுகமூர்த்தி
எம்.எல்.ஏ. ஆவதற்கு ஒன்பது வருடம் முன்பு
கண்டனூரில் பூட்டிய வீடுகளை எண்ணினோம்.
அவர், நான், பெட்ரோல் ஒழுகும் ஒரு மொபெட்.

வீடுகளை அல்ல, என்று திருத்துவார்,
வீடுகளுக்குப் பின்னால் இருப்பவர்களை.
முன்வாசல் ஒரு தெருவில்,
பின்வாசல் அடுத்த தெருவில்.
கடைசிக் கட்டில், விறகறையை ஒட்டி
சாவிக்கொத்தோடு ஒரு குடும்பம்.
சம்பளம் ஆயிரத்து ஐந்நூறு.
முதலாளி வருவது படைப்புக்கு மட்டும்.

கதவிலக்கம் வீட்டுக்குத்தான். இவர்களுக்கு இல்லை.
நாங்களே போட்டோம், பின்சுவரில், சிவப்புச் சாயத்தில்:
47-பி, 48-பி, 51-பி.
பி என்றால் பின் என்று
யாரிடமும் சொல்லவில்லை.

முப்பத்திரண்டு கேள்விகள்.
அதற்கு முன்னால் நான் ஒப்பிக்க வேண்டிய ஒரு வரி:
"நீங்க சொல்றது எங்களத் தாண்டிப் போகாது."
கண்ணைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும்,
தாளைப் பார்த்தல்ல. அது அவர் போட்ட சட்டம்.

பதினேழு: ஆபத்து என்றால் முதலில் யாரிடம் போவீர்கள்?
சொந்தம், முதலாளி, காவல் நிலையம், கட்சிக்காரர், வேறு.
51-பி பஞ்சவர்ணம்
வெளவால் எச்சத்தைச் சுரண்டிக்கொண்டே சொன்னாள்:
"போறதுக்கு யாரு இருக்கா. அப்படியே போட்டுக்க."
அப்படியே போடக் கட்டம் இல்லை.
ஓரத்தில் எழுதினேன்.

புத்தகம் வந்தது. கெட்டி அட்டை.
நன்றிப் பக்கத்தில்
சிந்தாமணி என்ற நான் சிந்துமணி.

அந்த ஐப்பசியில் 63-பி சுவர் விழுந்தது.
"காவலாளி வீட்டார் இருவர் பலி" என்றது பத்திரிகை.
பெயர் எங்களிடம் இருந்தது.
வயது, படிப்பு, எத்தனை சட்டை, கடன் யாரிடம்,
எல்லாமே இருந்தது.
நிருபர் தொலைபேசியில் கேட்டபோது
கொடுத்த வாக்கை நினைத்து
இரண்டு பேருமே வாயைத் திறக்கவில்லை.
அன்று அவர் சாப்பிடவில்லை.
அடுத்த மாதம் கட்சியில் சேர்ந்தார்.

புதுவயலில் கல்யாண மண்டபத்து மாடி, தேர்தல் அலுவலகம்.
போஸ்டர் பசை, பரோட்டா, வியர்வை.
மேசையில் ஒரு கட்டு நகல்.
என் கையெழுத்து. என் சாய்ந்த 'ழ'.
51-பி-க்கு எதிரே பச்சை மையில்: நாலு ஓட்டு.
பதினேழில் 'கட்சிக்காரர்' சொன்னவர்களுக்கெல்லாம்
ஒரு வட்டம்.

கேட்டேன்.
கும்பிட்டுக் கும்பிட்டுக் காய்ப்பேறிய குரலில் சொன்னார்:
"அலமாரியில கெடந்து அந்தத் தாள்
என்னத்தக் கிழிச்சுச்சு, சிந்தாமணி?"
பதில் வரவில்லை எனக்கு. இன்றும்தான்.

இரண்டாயிரத்து நூற்றுப் பதினாலு வாக்கில் வென்றார்.
உள்ளதைச் சொல்ல வேண்டும்:
முப்பத்தொரு குடும்பத்துக்குப் பட்டா வாங்கிக் கொடுத்தார்.
தனிக் கதவிலக்கம், தனி மின் இணைப்பு.
சட்டமன்றத்தில் ஒருமுறை
"ஓர் ஆய்வு சொல்கிறது" என்று தொடங்கினார்.
யாருடைய ஆய்வு என்று யாரும் கேட்கவில்லை.
அவரும் சொல்லவில்லை.
இப்போதெல்லாம் படைப்புக்கு அவருக்கும் அழைப்பு வருகிறது.
முன்வாசல் வழியாகப் போகிறார்.
சந்தனம், மாலை, புகைப்படம்.
சாவி கொண்டுவந்து கதவைத் திறந்தவர்
படத்தில் விழவில்லை.

போன வாரம் 51-பி-க்குப் போனேன்.
பட்டா கிடைக்காதவர்களில் அவள் ஒருத்தி.
சுவரில் அவர் முகம், புதுப் பசை.
ஐந்தை மறைத்து ஒட்டியிருந்தார்கள்.

"அந்தத் தாளு இன்னும் இருக்கா?" என்றாள்.
இருக்கிறது என்றேன்.
என் கட்டிலுக்கடியில் தகரப் பெட்டியில்
அசல் அத்தனையும்.
"நான் சொன்னதுல ஒண்ண மாத்தணும்."
பதினேழா?
"அது அப்படியே கெடக்கட்டும்.
எத்தன பிள்ளன்னு கேட்டீல, ரெண்டுன்னேன்.
மூணு. ஒண்ணு செத்துப்போச்சு.
அன்னைக்குச் சொல்ல வாய் வரல."

பேனா இருந்தது.
கண்ணைப் பார்த்தேன்.
அந்த ஒரு வரியை மட்டும்
ஒப்பிக்க முடியவில்லை.